ஜார்ஜி மில்யார்: மாயக்கதைப் படங்கள் வளர்த்த நடிகரா, விழுங்கிய நடிகரா?

வெண்திரை எழுதியது:

சோவியத் சினிமா என்றால் நம்மிடையே பேச்சு ஐசன்ஸ்டீனில் தொடங்கித் தார்கோவ்ஸ்கியில் முடிந்துவிடுகிறது. இடைப்பட்ட காலத்தில் ஸ்டூடியோக்களில் மாதச் சம்பளத்துக்கு வேலை பார்த்து, படத்துக்குப் படம் ஐந்து நிமிடமோ பத்து நிமிடமோ வந்துபோன குணச்சித்திர நடிகர்களைப் பற்றி யாரும் எழுதுவதில்லை. அவர்களில் ஒருவரை மட்டும் எடுத்துக்கொண்டு, சற்று விரிவாகவே பேசலாம் என்று இந்த இழையைத் தொடங்குகிறேன்.

ஜார்ஜி மில்யார் 1903 நவம்பர் 7 அன்று மாஸ்கோவில் பிறந்தவர். கருங்கடல் கரையில் உள்ள கெலென்ஜிக் என்னும் சிற்றூரின் நாடக அரங்கில் மேடைப் பொருள்களை எடுத்துக்கொடுக்கும் எடுபிடியாக நுழைந்தார். 1920இல் சிண்ட்ரெல்லாவாக நடிக்கவேண்டிய நடிகை நோயுற்றபோது, அந்த உடையை அணிந்துகொண்டு மேடையேறியதுதான் அவருடைய முதல் வேடம். பிறகு மாஸ்கோவுக்குத் திரும்பி, புரட்சி நாடக அரங்கின் நடிப்புப் பள்ளியில் பயின்று, 1927 முதல் 1938 வரை அதே அரங்கில் நடித்தார். நாடக இயக்குநர் மெயர்ஹோல்ட் 1922இல் பொறுப்பேற்று உருவாக்கிய அரங்கம் அது. அவர் சில ஆண்டுகளிலேயே விலகிவிட்டாலும், முகத்தைவிட உடலை நம்பும் நடிப்புமுறை அங்கே தங்கிவிட்டது என்பதை மில்யாரைப் பார்த்தாலே உணரலாம்.

1938இல் சோயுஸ்தெத்ஃபில்ம் என்ற சிறுவர் பட ஸ்டூடியோவில் அலெக்சாண்டர் ரோவு தம் முதல் படத்தை எடுத்தார். அதில் கோரோக் என்ற கோமாளி அரசனாக மில்யார் தோன்றினார். அன்று தொடங்கிய உறவு 1973 டிசம்பரில் ரோவு மறையும் வரை நீடித்தது. ரோவின் படங்களில் ஏறக்குறைய எல்லாவற்றிலும் அவர் இருக்கிறார்; சிலவற்றில் இரண்டு மூன்று வேடங்களில் இருக்கிறார்.

என் வாதத்துக்கு நான் எடுத்துக்கொள்வது காஷ்சேய் என்ற ஒரே பாத்திரத்தை. ரஷ்ய நாட்டார் கதைகளில் சாவே இல்லாத கிழட்டுக் கொடுங்கோலன் இவன். இவனை மில்யார் இருமுறை, கால் நூற்றாண்டு இடைவெளியில் நடித்தார். முதல் படம் போர்க்காலத்தில், ஸ்டூடியோ மொத்தமும் தாஜிகிஸ்தானின் ஸ்தாலினாபாத்துக்கு (இன்றைய துஷான்பே) இடம்பெயர்ந்திருந்தபோது உருவாகி, 1945 மே மாதம் வெற்றியின் சூட்டோடு திரைக்கு வந்தது. அதில் வரும் காஷ்சேய் ஊர்களை எரிப்பவன், பெண்களைக் கவர்ந்துசெல்பவன். அவன் யாரைக் குறிக்கிறான் என்று அன்றைய பார்வையாளருக்கு யாரும் விளக்கவேண்டியிருக்கவில்லை. மலேரியாவில் விழுந்து எலும்பும் தோலுமாய் ஆகிவிட்ட மில்யார், அந்த மெலிவையே வேடத்தின் பாதியாக ஆக்கிக்கொண்டார். குழிவிழுந்த கண்களும் துருத்திய கன்ன எலும்புகளும் ஒப்பனையால் மட்டும் வந்தவை அல்ல. கழுத்தைத் திருப்பாமல் கண்ணை மட்டும் திருப்பும் அந்தப் பார்வையில் நகைச்சுவை துளியும் கிடையாது.

1968இல் வந்த "நெருப்பு, நீர், பித்தளைக் குழல்கள்" படத்தில் அதே காஷ்சேய் கல்யாண மாப்பிள்ளையாக வருகிறான். பாபா யாகா என்ற சூனியக்கிழவி தன் மகளை அவனுக்குக் கட்டிக்கொடுக்க அழைத்துவருகிறாள். கல்யாணச் சீராக, இளமை தரும் ஆப்பிளையும் கொண்டுவருகிறாள். ஆப்பிளைக் கடித்து இளமை திரும்பியதும் மாப்பிள்ளைக்கு மணப்பெண் கசந்துபோகிறாள். வேறொரு சிறுபெண்ணைத் தூக்கிவர ஆள் அனுப்புகிறான். இந்தக் காட்சியில் ஆப்பிளைக் கொடுக்கும் பாபா யாகாவும் மில்யார், வாங்கிக் கடிக்கும் காஷ்சேயும் மில்யார். முதல் படத்தில் குழந்தைகளை நடுங்கவைத்த அதே உடல், இரண்டாவது படத்தில் மூட்டுவலியோடு துள்ளி ஆடிச் சிரிக்கவைக்கிறது. இந்த இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்த எவரும் இவரை வெறும் சிறுவர் பட நடிகர் என்று தள்ளிவிட முடியாது என்பது என் துணிபு.

கடைசி வரிசை எழுதியது:

வெண்திரை நண்பரின் இரு காஷ்சேய் ஒப்பீடு நன்று, மறுப்பதற்கில்லை. ஆனால் அதிலிருந்து அவர் வந்துசேரும் இடத்துக்கு என்னால் வர இயலவில்லை. ஒரு நடிகர் தமக்குக் கிடைத்த குறுகிய வெளியில் அற்புதம் செய்தார் என்பது வேறு, அந்த வெளியே அவருக்குப் போதுமானதாக இருந்தது என்பது வேறு. பின்னதைத்தான் நான் கேள்விக்கு உட்படுத்துகிறேன்.

மில்யார் தளபதி சுவோரவாக நடிக்க ஆசைப்பட்டார், வோல்தேராக நடிக்க ஆசைப்பட்டார் என்பது அவரைப் பற்றி எழுதிய எல்லோரும் சொல்வது. இரண்டுமே நடக்கவில்லை. ரோவின் படங்களுக்கு வெளியே அவருடைய திரைவாழ்க்கையைப் பட்டியலிட்டுப் பாருங்கள்: ஒரு படத்தில் கதவைத் திறக்கும் கிழவர், இன்னொன்றில் ஓரத்தில் நிற்கும் எழுத்தர், மற்றொன்றில் பெயர்கூட இல்லாத வழிப்போக்கர். மொத்தப் படங்களின் எண்ணிக்கை நூறைத் தொடுகிறது என்றாலும், அவற்றில் பெரும்பகுதி இத்தகைய துணுக்குகளே. மாயக்கதைப் படங்களில் அவர் பெற்ற புகழ் வளர வளர, மற்ற இயக்குநர்கள் அவரை அழைப்பது குறைந்திருக்க வேண்டும். பாபா யாகாவை எந்த இயக்குநர் தம் போர்ப்படத்தில் கர்னலாக நிறுத்துவார்?

ஒன்றைச் சொல்லியாகவேண்டும். சோவியத் ஒன்றியத்தில் சிறுவர் படம் என்பது வாய்ப்பேச்சில் மதிக்கப்பட்ட, விருதுப் பட்டியலில் மறக்கப்பட்ட துறை. மில்யாருக்கு 1965இல்தான் தகைசால் கலைஞர் பட்டம் கிடைத்தது. அப்போது அவருக்கு 60 வயது கடந்துவிட்டது. ரஷ்யக் குடியரசின் மக்கள் கலைஞர் பட்டம் 1988இல், அவருடைய 85ஆம் வயதை ஒட்டிக் கிடைத்தது. அவருடைய தலைமுறையில் புரட்சித் தலைவர்களாக வேடமிட்டவர்கள் எத்தனை விரைவில், எத்தனை பட்டங்கள் வாங்கினார்கள் என்பதோடு இதை ஒப்பிட்டுப் பார்க்கவும்.

ஒப்பனைமேசை எழுதியது:

நாடக ஒப்பனையில் நெடுங்காலம் கைவைத்தவன் என்ற முறையில் ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். மில்யாரைப் பற்றிய பேச்சு விருது, பட்டம், வாய்ப்பு என்று போவதற்கு முன்னால், அவர் முகத்தில் என்ன செய்தார் என்பதைக் கொஞ்சம் பார்க்கலாம்.

அவருக்குத் தலையில் முடி இல்லை, பிற்காலத்தில் வாயில் பல்லும் அதிகம் இல்லை. மூக்கு நீளம், கன்னம் ஒட்டியது. ஒப்பனைக்காரருக்கு இது வெற்றுச் சுவர் போன்றது, எதை வேண்டுமானாலும் எழுதலாம். மில்யார் தம் வேடங்களின் தோற்றத்தைத் தாமே சிந்தித்து வடிவமைத்தவர். 1939இல் "அழகி வசிலிஸா" படத்துக்குப் பாபா யாகாவாக நடிக்க ரோவு நடிகைகளைத் தேடிக்கொண்டிருந்தபோது, நானே செய்கிறேன் என்று முன்வந்தவர் அவர். பெண்கள் தங்களை அந்த அளவுக்கு அருவருப்பாக ஆக்கிக்கொள்ளத் துணியமாட்டார்கள் என்பது அவர் கூறிய காரணமாகச் சொல்லப்படுகிறது. யால்தாவில் ஆடு மேய்த்துத் திரிந்த ஒரு கிழவியின் நடையை அவர் மனத்தில் வைத்திருந்தார் என்றும் சொல்வார்கள்.

அந்தப் படத்தில் பாபா யாகா நடக்கும் விதத்தைக் கவனியுங்கள். முதுகு வளைந்திருக்கிறது, ஆனால் முதுமையின் தளர்ச்சி இல்லை. பதுங்குகிறாள், தரையை முகர்வது போலத் தலையை நீட்டுகிறாள், திடீரென்று ஒரு பாய்ச்சல். ஏறக்குறைய விலங்கு. கறுப்பு வெள்ளையில், குறைந்த ஒளியில், கந்தல் துணிகளுக்கு நடுவே அந்த மூக்கு மட்டும் தெரியும்போது குழந்தைகள் அலறியிருப்பார்கள் என்பதில் ஐயமில்லை. ஸ்திரீ பார்ட் போடும் நடிகர் பெண்மையைத் தேடுவார்; மில்யார் அதைத் தேடவே இல்லை. அவர் தேடியது, ஆணா பெண்ணா என்ற கேள்வியே எழாத ஒரு காட்டு உயிரை.

இதற்குப் பக்கத்தில் 1964ஆம் ஆண்டின் "மொரோஸ்கோ" படத்தை வைக்கவும். வண்ணப் படம், பனிக்காடு, கோழிக்கால்களின் மேல் நிற்கும் குடிசை. இவான், "குடிசையே, காட்டுக்கு முதுகும் எனக்கு முகமும் காட்டி நில்" என்று கட்டளையிட, குடிசை முனகிக்கொண்டே திரும்புகிறது. தூக்கம் கலைந்து வெளியே வரும் பாபா யாகா அதைப் பழையபடி திரும்பச் சொல்கிறாள். இவன் மறுபடி, அவள் மறுபடி. இந்த இழுபறியில் மில்யாரின் முகத்தில் இருப்பது கொடுமை அல்ல. பிற்பகல் தூக்கத்தைக் கெடுத்த விருந்தாளியைப் பார்க்கும் எரிச்சல். இடுப்பைப் பிடித்துக்கொள்கிறாள், புலம்புகிறாள், பேரம் பேசுகிறாள். 25 ஆண்டுகளில் பாபா யாகா காட்டிலிருந்து அடுக்குமாடிக் கட்டடத்தின் முற்றத்துக்கு வந்து, அங்கே பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் கிழவிகளில் ஒருத்தியாகிவிட்டாள். இந்த மாற்றத்தை வசனம் எழுதியவர் பாதி செய்திருக்கலாம். மீதிப் பாதி இடுப்பைப் பிடித்த அந்தக் கையில் இருக்கிறது.

மின்மினி எழுதியது:

அருமையான இழை. ராதுகா, முன்னேற்றம் ஆகிய சோவியத் பதிப்பகங்களின் தமிழ்ப் புத்தகங்கள் நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் கடைகளில் மலிவாகக் கிடைத்த காலத்தில், படங்களாகவே பாபா யாகாவை அறிந்த தலைமுறை என்னுடையது. அவளைத் திரையில் செய்தவர் ஓர் ஆண் என்பதை இந்த இழையில்தான் அறிகிறேன்.

என் ஐயம் ஒன்று. ஒப்பனை இல்லாத மில்யார் எப்படிப்பட்டவர்? வேடத்துக்குள் இத்தனை ஆழமாக ஒளிந்துகொள்ளும் நடிகருக்கு வெளியே என்ன வாழ்க்கை இருந்தது என்பதை அறிந்தவர்கள் எழுதுவீர்களா?

நெவாக்கரை எழுதியது:

மின்மினியின் கேள்விக்கு விடை அவருடைய பிறப்பிலிருந்தே தொடங்குகிறது. மில்யார் என்பது அவர் பிறந்த குடும்பத்தின் பெயர் அல்ல. அவர் தந்தை ஃபிரான்ஸ் தெ மில்யோ ஒரு பிரெஞ்சுப் பொறியாளர். ரஷ்யாவில் பாலங்கள் கட்டும் பணிக்கு வந்தவர். தாய் எலிசவேத்தா ஜுராவ்லியோவா, சைபீரியாவின் இர்குத்ஸ்கைச் சேர்ந்த தங்கச் சுரங்க முதலாளியின் மகள். தந்தை, மகனுக்கு மூன்று வயது நிறையும் முன்பே இறந்துவிட்டார். பையன் வெளிநாட்டுச் செவிலித்தாய்களின் பராமரிப்பில், பிரெஞ்சும் ஜெர்மனும் பேசிக்கொண்டு வளர்ந்தான். மாஸ்கோவில் பெரிய வீடு, கெலென்ஜிக்கில் தாத்தாவின் கோடைமாளிகை. புரட்சி வந்தபோது இவை எல்லாம் கையை விட்டுப் போயின. மாஸ்கோ வீட்டில் கடைசியில் தாய்க்கும் மகனுக்கும் மிஞ்சியது பொதுக் குடியிருப்பின் ஓர் அறை.

அந்தக் காலத்தில் வேலைக்குச் சேரும் ஒவ்வொருவரும் நிரப்பவேண்டிய படிவங்களில் தந்தையின் தொழில், வர்க்கப் பின்னணி, வெளிநாட்டு உறவினர், தெரிந்த மொழிகள் என்று கேள்விகள் நீண்டுகொண்டே போகும். தெ மில்யோ, மில்யார் ஆனார். தமக்குத் தெரிந்த அயல்மொழிகளையும் படிவங்களில் காட்டிக்கொள்ளவில்லை. பிரபு வீட்டுப் பெயரும் தங்கச் சுரங்கத் தாத்தாவும் 1930களில் ஒருவரை எங்கே கொண்டுபோய்ச் சேர்க்கக்கூடும் என்பதை நான் விளக்கத் தேவையில்லை.

இதில் வேடிக்கையான ஒற்றுமையும் உண்டு. ரோவின் தந்தையும் வெளிநாட்டவரே: மாவு ஆலை அமைக்கும் பணிக்காக ரஷ்யாவுக்கு வந்து, 1914இல் மனைவியையும் மகனையும் விட்டுவிட்டுத் தாயகம் திரும்பிய ஓர் அயர்லாந்துப் பொறியாளர். தாய் கிரேக்க வம்சாவளியினர். ஆக, ரஷ்ய ஆன்மாவின் சாறு என்று இன்று தொலைக்காட்சியில் ஆண்டுதோறும் காட்டப்படும் படங்களை உருவாக்கிய இருவர், ஓர் அயர்லாந்துக்காரர் மகனும் ஒரு பிரெஞ்சுக்காரர் மகனும். இருவருக்கும் இடையில் இருந்த ஒட்டுதலுக்கு இதுவும் காரணமாக இருந்திருக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. சுவோரவாக நடிக்கும் நடிகரின் பூர்வீகம் செய்தித்தாளில் வரும். பாபா யாகாவின் பூர்வீகத்தை யார் கேட்கப்போகிறார்கள்? மாயக்கதை மில்யாருக்குச் சிறையாக இருந்ததோ இல்லையோ, பாதுகாப்பான இடமாக இருந்தது.

கடைசி வரிசை எழுதியது:

நெவாக்கரை தந்த வாழ்க்கைக் குறிப்புகளுக்கு நன்றி. ஆயினும் முகமூடிக்குப் பின்னால் ஒளிந்துகொண்ட பிரபு வீட்டுப் பிள்ளை என்ற சித்திரம் கேட்பதற்கு நன்றாக இருப்பதாலேயே என்னை எச்சரிக்கையாக்குகிறது. ஒரு மனிதர் தம் தொழிலை ஏன் அவ்வாறு செய்தார் என்பதற்கு அவர் அச்சத்தைக் காரணமாக்குவது, அவர் திறமையை அச்சத்தின் துணைவிளைவாக்கிவிடும். அவரைவிட ஆபத்தான பூர்வீகம் கொண்டவர்கள் கதாநாயகர்களாகவே நடித்திருக்கிறார்கள்.

எனக்குத் தெரிந்து இன்னும் எளிய காரணம் ஒன்று இருக்கிறது: ஸ்டூடியோ அமைப்பு. சோயுஸ்தெத்ஃபில்மும், 1948இல் கோர்க்கி ஸ்டூடியோ எனப் பெயர் மாறிய அதே நிறுவனமும் சிறுவர் படங்களுக்குப் பெயர்பெற்றவை. நிலைய நடிகராகச் சம்பளப் பட்டியலில் இருப்பவரைத் தம் ஸ்டூடியோவின் படங்களில்தான் முதலில் பயன்படுத்துவார்கள். ரோவு தம்மைச் சுற்றி ஒரு நாடகக் குழுவைப் போலவே நடிகர்களைச் சேர்த்துவைத்திருந்தார்: மில்யார், அனத்தோலி குபாத்ஸ்கி, அலெக்சாண்டர் ஹ்வில்யா, வேரா அல்தாய்ஸ்கயா, பாவெல் பவ்லென்கோ. மொரோஸ்கோவில் பனித்தாத்தாவாக வருபவர் ஹ்வில்யா, சித்தியாக வருபவர் அல்தாய்ஸ்கயா, தந்தையாக வருபவர் பவ்லென்கோ. அடுத்த படத்திலும் இவர்களே வேறு ஒப்பனையில் வருவார்கள். குழுவுக்குள் இருப்பது வசதி. ஆண்டுக்கணக்கில் அங்கேயே இருந்துவிட்டால் வெளியே எவருக்கும் நினைவில் இருக்கமாட்டோம் என்பதும் உண்மை. முழுக் குழுவுக்கும் இதுதான் நிலை என்னும்போது, மில்யாரின் பூர்வீகத்தைத் தனியே காரணம் காட்டவேண்டியதில்லை.

வெண்திரை எழுதியது:

இரு நண்பர்களின் விளக்கங்களும் ஒன்றையொன்று வெட்டுவதாக நான் கருதவில்லை. ஆனால் இருவரும் நடிப்பைவிட்டு விலகிச் செல்கிறீர்கள். நான் மறுபடியும் திரைக்கே வருகிறேன்.

1961இல் ரோவு, கோகோலின் கதையைப் படமாக்கினார். திக்கான்கா பண்ணைக்கு அருகே கழிந்த மாலைப்பொழுதுகள் என்ற தொகுப்பில் உள்ள கிறிஸ்துமஸ் முன்னிரவுக் கதை. உக்ரேனியக் கிராமம் ஒன்றில் நடக்கும் கதையைப் பனிக்காகக் கோலா தீபகற்பத்தின் கிரோவ்ஸ்க் பகுதிக்குக் கொண்டுசென்று, வடதுருவ வட்டத்துக்கு அப்பால் படமெடுத்தார்கள். மில்யாருக்குச் சாத்தான் வேடம். வயது 57. உடலோடு ஒட்டிய மயிர் உடை, பன்றி மூக்கு, வால். அந்த உடையில் அவர் உறைபனி நீரில் விழும் காட்சியைக்கூட மாற்று ஆள் வைக்காமல் தாமே செய்தார்.

சாத்தான் நிலவைத் திருடும் காட்சியை எடுத்துக்கொள்வோம். கோகோலின் எழுத்திலேயே நிலவு சூடாக இருக்கிறது. சாத்தான் விரலைச் சுட்டுக்கொள்கிறான், கைமாற்றிக் கைமாற்றிப் பிடிக்கிறான். மில்யார் இதை அடுப்பிலிருந்து எடுத்த உருளைக்கிழங்கைப் பிடிக்கும் ஆளைப்போல் செய்வதோடு நிற்கவில்லை. சுட்ட விரலை வாயில் வைத்து ஊதும்போது கண்ணைச் சுழற்றி, யாராவது பார்த்துவிட்டார்களா என்று ஊரை ஒரு நோட்டம் விடுகிறார். திருடனுக்கு வலியைவிட மானம் பெரிது. அந்த நோட்டம் ஒரு கணம்தான் நீடிக்கிறது. அதற்குள் சாத்தான் ஓர் அற்ப மனிதனாகிவிடுகிறான். சூனியக்காரி சோலோகாவாக வரும் லுத்மிலா ஹித்யாயேவாவிடம் அவன் குழையும்போது, கிராமத்துப் பெரிய மனிதர்கள் அவளிடம் குழைவதற்கும் இவன் குழைவதற்கும் வேறுபாடே இல்லை என்பது விளங்கிவிடுகிறது. கோகோலின் கேலி முழுவதும் இந்த ஓர் உடலில் ஏறியிருக்கிறது. இதைச் செய்த நடிகரைத் "துணுக்கு நடிகர்" என்று எந்தப் பட்டியலில் போடுவது?

ஒப்பனைமேசை எழுதியது:

"மார்யா" படத்தின் குவாக்கையும் (நீர்க்கடவுளின் தவளைமுகக் கையாள், 1959) "நீள்ஜடை வர்வாரா" படத்தின் கிணற்றுப் பூதமான சூதோ யூதோவையும் (1969) விட்டுவிட்டீர்கள். பின்னதில் எனக்கு அத்தனை ஈடுபாடு இல்லை. முகத்தில் பூசியது கூடிவிட்டது, நடிகர் அதற்குள் மூழ்கிவிட்டார், மிஹயில் புகோவ்கின் நடித்த அரசனே படத்தைத் தூக்கிச்செல்கிறார். குவாக் அப்படியல்ல. எஜமானனுக்குப் பின்னால் துடுப்புக் கால்களால் தத்தித் தத்தி ஓடும் அந்தப் பணிவில், அலுவலகங்களில் கோப்பைத் தூக்கிக்கொண்டு மேலதிகாரியின் பின்னால் ஓடுபவர்களை அன்றைய பெரியவர்கள் அடையாளம் கண்டிருப்பார்கள். குழந்தைகளுக்குத் தவளை, உடன் வந்த அப்பாவுக்குத் தம் துறையின் உதவிச் செயலாளர்.

மின்மினி எழுதியது:

மொரோஸ்கோவைத் தேடிப் பார்த்துவிட்டேன். அதன் பயணமே தனிக்கதை போலும். 1965இல் வெனிஸ் நகரில் நடந்த சிறுவர் திரைப்பட விழாவில் முதற்பரிசு பெற்றிருக்கிறது. செக், ஸ்லோவாக்கிய நாடுகளில் கிறிஸ்துமஸ், புத்தாண்டுக் காலத்தில் இதைத் தொலைக்காட்சியில் பார்ப்பது குடும்ப வழக்கமாகவே ஆகிவிட்டது. 1968இல் செக்கோஸ்லோவாக்கியா மீது நடந்த சோவியத் படையெடுப்பின் கசப்புக்குப் பிறகும் அங்கே தள்ளிவைக்கப்படாத சோவியத் பொருள்களில் இது ஒன்று என்பது வியப்பளிக்கிறது. அமெரிக்காவில் நேர்மாறு: 1997இல் பழைய படங்களைக் கேலி செய்யும் தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் இதைப் போட்டு, காட்சிக்குக் காட்சி கிண்டலடித்தார்கள்.

அந்தக் கேலியை நானும் பார்த்தேன். குடிசைக் காட்சியில் கேலிக்காரர்களின் குரலைவிட மில்யாரின் முனகல்தான் எனக்கு அதிகம் சிரிப்பூட்டியது.

நெவாக்கரை எழுதியது:

ரோவு 1973இல் மறைந்தபின் மில்யாரின் நிலை என்ன என்பதையும் சொல்லிவிட்டால் இந்த இழை முழுமை பெறும். ரோவு விட்டுச்சென்ற திரைக்கதையைக் கென்னாதி வசீலியெவ் 1975இல் படமாக்கினார். அதில் மில்யார் நடித்தார். பாபா யாகாவாக ரோவின் இயக்கத்தில் அவர் கடைசியாக நடித்தது 1972ஆம் ஆண்டின் "பொற்கொம்புகள்". அதன்பிறகு அவருக்கென்று வேடம் எழுத யாரும் இல்லை. சிறுசிறு வேடங்கள், அசைபடங்களுக்குக் குரல், குழந்தைகளைச் சந்திக்கும் மேடை நிகழ்ச்சிகள் என்று காலம் சென்றது.

தாயுடன் நெடுங்காலம் தனியே வாழ்ந்த அவர், 60 வயதைத் தாண்டிய பிறகே திருமணம் செய்துகொண்டார். மணமகள், அதே குடியிருப்பில் வசித்த மரியா வசீலியெவ்னா. முன்பே குடும்ப வாழ்க்கையைக் கண்டவர். இந்த வயதில் எனக்கு ஆண்துணை எதற்கு என்று அவர் கேட்க, நான் ஆண் அல்ல, பாபா யாகா என்று மில்யார் பதில் சொன்னதாக ஒரு கதை ரஷ்யாவில் எல்லோருக்கும் தெரியும். கதை எந்த அளவு உண்மையோ, அந்தத் திருமணம் கால் நூற்றாண்டு, அவர் இறக்கும்வரை நிலைத்தது. பிற்காலத்தில் இருவரும் மாஸ்கோவின் தெற்கு விளிம்பில் உள்ள பிரியூல்யோவோவில் வசித்தார்கள். தெருவில் போகும்போது குழந்தைகள் இவரை அடையாளம் கண்டதில்லை. கதாநாயகர்களுக்கு வாய்த்த அந்தத் தொல்லை இவருக்கு இல்லை என்பதை வரம் என்பதா, குறை என்பதா என்று நான் தீர்மானிக்கப்போவதில்லை. 1993 ஜூன் 4 அன்று இறந்தார். மாஸ்கோவின் திரோயேகுரோவோ கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டார். அவர் பிறந்த நாட்டின் ஆட்சியும் பின்னர் அவர் வாழ்ந்த நாட்டின் ஆட்சியும் அதற்குள் முடிந்துபோயிருந்தன.

கடைசி வரிசை எழுதியது:

சுவோரவ் வேடத்தைப் பற்றி நான் தொடங்கிவைத்ததால், அதைப் பற்றிய தகவலையும் நானே தந்துவிடுகிறேன். புதோவ்கின் எடுத்த சுவோரவ் படம் 1941இல் வெளிவந்தது. அதில் சுவோரவாக நடித்த நிகோலாய் செர்காசவ் செர்கேயெவ் புகழ்பெற்ற திரை நடிகர் அல்லர். வயது முதிர்ந்த, வெளியூர் மேடைகளில் உழைத்த நாடக நடிகர். பெயர் ஒற்றுமையால் இன்றும் பலர் அவரை அலெக்சாண்டர் நெவ்ஸ்கியாக நடித்த செர்காசவுடன் குழப்பிக்கொள்கிறார்கள். அதாவது, அந்த ஒரு வேடத்துக்கு ஸ்டூடியோக்கள் நட்சத்திரத்தைத் தேடவில்லை. மெலிந்த, குள்ளமான, வேகமான, முகத்தில் கோணங்கித்தனமும் கூர்மையும் ஒருங்கே உள்ள கிழவரைத் தேடின. மில்யாரிடம் இவை எல்லாம் இருந்தன, வயது தவிர. படம் தயாரானபோது அவருக்கு 37. சுவோரவுக்குரிய வயதை அவர் எட்டிய 1960களில், அந்தத் தளபதியை மையமாக்கி அத்தகைய பெரிய படம் எடுக்க எவரும் முன்வரவில்லை.

எனவே என் வழக்கைச் சற்றுக் குறுக்கிக்கொண்டு நிறுத்துகிறேன். மாயக்கதைப் படங்கள் அவரை விழுங்கின என்பதை நான் வலியுறுத்தவில்லை. 1953இல் அப்ராம் ரூம் எடுத்த "வெள்ளித் தூள்" போன்ற படங்களில் ஒப்பனைச் சுமை இன்றி, சிறிய பாத்திரங்களில் அவர் வரும் காட்சிகள் உள்ளன. வெண்திரை நண்பர் அடுத்து எழுதுவதானால், கோகோலின் சாத்தானைப் பார்த்த அதே பொறுமையோடு அவற்றையும் பார்த்துவிட்டு எழுதும்படி கேட்டுக்கொள்கிறேன்.

வெண்திரை எழுதியது:

ஏற்றுக்கொண்டேன். "வெள்ளித் தூள்" படத்தின் பார்க்கத்தக்க பிரதி யாரிடமேனும் இருந்தால் தெரிவிக்கவும். கிடைத்ததும் இதே இழையில் தொடர்கிறேன்.